அம்மன் பேர் வைத்த விமானம்

எங்கள் வீட்டில் ஒரு சண்டை விமானத்துக்கு எலுமிச்சம்பழம் வைத்துக் கற்பூரம் காட்டியிருக்கிறோம். என் பிள்ளைகளிடம் சொன்னால் சிரிக்கிறார்கள். "யம்மா, கேம் அக்கவுண்ட்டுக்கா பூஜ போட்டீங்க?" என்று பெரியவன் இன்னும் கேலி செய்கிறான். போட்டோம். அதில் மறைக்க என்ன இருக்கிறது. அப்போது நான் அஞ்சாவது படித்துக்கொண்டிருந்தேன். பூஜைக்கு மணி ஆட்டினதே நான்தான்.

அந்த விமானத்தைப் பற்றிச் சொல்வதற்கு முன்னால் எங்கள் அத்தையைப் பற்றிச் சொல்லிவிட வேண்டும். அந்த வருஷங்களில் எங்கள் வீட்டில் அத்தை பேரை எடுக்கக்கூடாது.

அப்பாவுக்கு ஒரே தங்கச்சி அத்தை. வீராம்பட்டினத்தில் ஒரே கூரைக்குக் கீழே வளர்ந்தவர்கள். அத்தையைக் கட்டின மாமாவின் அப்பா பிரெஞ்சுப் பட்டாளத்தில் இருந்துவிட்டு வந்த சொல்தா. பட்டாளத்துக்காரரை எங்கள் ஊரில் அப்படித்தான் சொல்வோம். அந்த வழியில் மாமாவுக்கும் அங்கே குடியுரிமை இருந்தது. வேலை கிடைத்ததும் அத்தையையும் பிள்ளையையும் கூட்டிக்கொண்டு பிரான்சுக்குப் புறப்பட்டார். போனது தப்பில்லை. போன நேரம்தான் தப்பாகிவிட்டது.

அப்பா அதுவரைக்கும் அடுத்தவர் படகில் போய்க்கொண்டிருந்தவர். முதல் முதலாகச் சொந்தமாக ஒரு ஃபைபர் படகு வாங்கி, நாள் குறித்து வைத்திருந்தார். எங்கள் குடும்பத்தில் புதுப்படகு இறக்கினால் உடன்பிறந்தவள் வந்து ஆரத்தி எடுத்து, படகின் மூக்கில் மஞ்சள் துணி கட்ட வேண்டும். அதுக்கு அப்புறம்தான் தண்ணீரில் தள்ளுவார்கள். இருந்து கட்டிவிட்டுத்தான் போவேன் என்று அத்தையும் வாக்குக் கொடுத்திருந்தார். ஆனால் டிக்கெட் அதுக்கு முன்னாலேயே விழுந்துவிட்டது. அப்பா போனில் கத்தினார். அத்தையும் சென்னை ஏர்போர்ட்டிலிருந்து, "ஒரு துணி கட்டறதுக்காவா எங்க ஊட்டுக்காரரு வேலய வுடச் சொல்ற?" என்று கேட்டுவிட்டார். அவ்வளவுதான். அப்பாவுக்குத் தங்கச்சி முறையில் ஒருத்தர் துணி கட்டுகிறேன் என்று வந்தபோதும் அப்பா விடவில்லை. வெறும் மூக்கோடு படகு கடலில் இறங்கியது.

அதிலிருந்து அண்ணனும் தங்கச்சியும் பேசவில்லை. அத்தை போன் செய்தால் அம்மாதான் பேசுவார். அப்பா வீட்டில் இருந்தால் உடனே செருப்பை மாட்டிக்கொண்டு வெளியே போய், நன்றாக ஓடுகிற ஸ்கூட்டரை உதைத்து உதைத்துப் பார்ப்பார். போன் வைத்த சத்தம் கேட்டதும் உள்ளே வருவார். யார் பேசினது, என்ன சொன்னது, ஒன்றும் கேட்கமாட்டார். அம்மாவே காற்றுக்குச் சொல்வதுபோல, "அங்க ஒரே குளிராம்" என்பார். அப்பா பேப்பரைப் பிரித்துக்கொள்வார்.

அந்த நிலைமையில்தான் அத்தை மகன் லீவுக்கு வந்தான். மாமாவோடு வந்து சொல்தா தாத்தா வீட்டில் தங்கியிருந்தான். அத்தை வரவில்லை. அண்ணன் கூப்பிடாமல் எந்த முகத்தோடு வருவேன் என்று அம்மாவிடம் அழுததாக அப்புறம் தெரிந்துகொண்டேன். அத்தை மகனும் என் அண்ணனும் ஒரே வயசு, பதினொன்றாவது படிக்கிற வயசு. சின்னதில் ஒரே தட்டில் சாப்பிட்டவர்கள். பெரியவர்கள் சண்டை அவர்களுக்கு ஒட்டவில்லை. சாயங்காலம் ஆனால் இரண்டு பேரும் கடற்கரை ரோட்டில்தான். அத்தை மகனிடம் எனக்கு ஒரே ஒரு குறை. மீன் நாற்றம் ஆகாது என்று எங்கள் வீட்டு வாசலிலேயே மூக்கைப் பிடித்துக்கொள்வான். படகைக் காட்டுகிறேன் என்று அண்ணன் கூட்டிப்போனால் கரையிலேயே நின்றுகொள்வான். மீன்காரர் பேரனுக்கு இத்தனை பவிசா என்று அம்மா சிரிப்பார்.

திரும்பிப் போகும்போது அண்ணனுக்கு ஒரு சிடி டப்பாவும், விமானம் ஓட்டுகிற கைப்பிடி ஒன்றும் கொடுத்துவிட்டுப் போனான். பழைய உலக யுத்தத்து விமானங்கள். நெட்டில் அக்கவுண்ட் தொடங்கினால் அவன் அங்கேயிருந்தும் அண்ணன் இங்கேயிருந்தும் ஒரே ஆகாயத்தில் பறக்கலாமாம். சண்டை போடலாமாம். பிளஸ் ஒன்னில் கம்ப்யூட்டர் பாடம் எடுத்ததால் வீட்டில் கம்ப்யூட்டர் இருந்தது. பிராட்பேண்டும் புதுசாகப் போட்டிருந்தோம். ஒரே ஒரு தடைதான். எதிர்முனையில் இருப்பது அத்தை வீடு. அப்பா என்ன சொல்வாரோ.

அம்மாதான் கேட்டார். அப்பா வலைக்கயிற்றை முடிந்துகொண்டே, "பசங்க வெளயாடறதுக்கு என்ன" என்றார். கொஞ்சம் பொறுத்து, "அந்த ஊட்டு ஆளுங்க யாரும் எங்கிட்ட பேசக்கூடாது" என்றார்.

"பிளேன் எப்படிப்பா பேசும்?" என்றான் அண்ணன்.

"பேசக்கூடாதுன்னு சொன்னேன்."

ஒரு வெள்ளிக்கிழமை, ராகுகாலம் கழிந்த பிறகு அக்கவுண்ட் தொடங்க உட்கார்ந்தோம். கம்ப்யூட்டர் பெட்டிக்குக் குங்குமம் வைத்து, முன்னால் எலுமிச்சம்பழம் வைத்து, கற்பூரம் காட்டி, நான் மணி ஆட்டி முடித்தேன். சிடி பிரான்சிலிருந்து வந்தது அல்லவா, திரையில் வந்ததெல்லாம் பிரெஞ்சு. அண்ணன் மார்க்குக்காக ஸ்கூலில் பிரெஞ்சு எடுத்திருந்தான். அந்தப் படிப்பு ஒரு காரியத்துக்கு உதவினதை அன்றைக்குத்தான் பார்த்தோம். விரல் வைத்து வைத்துப் படித்தான். பிறந்த தேதி கேட்டது. போட்டான்.

"நட்சத்திரம் கேக்கலியா?" என்றார் அம்மா.

"கேக்கலம்மா."

"அப்புறம் இன்னாத்துக்குத் தேதி கேக்கறான்?"

அடுத்தது மோ த பாஸ். அதாவது பாஸ்வேர்டு. யாரிடமும் சொல்லக்கூடாத வார்த்தை என்று அண்ணன் விளக்கினான். சொந்த வீட்டில் என்ன ரகசியம் என்று அம்மாவுக்குக் கோபம். அவன் கையால் மறைத்துக்கொண்டு அடித்தான். அதுக்கப்புறம்தான் முக்கியமான கட்டம் வந்தது. ஆகாயத்தில் இன்னார் பறக்கிறார் என்று எல்லோருக்கும் தெரிகிற மாதிரி ஒரு பேர் வேண்டும். அண்ணன் தன் பேரை அடிக்கப் போனான்.

"இரு இரு. அந்தப் பேரு எங்கல்லாம் வரும்?" என்றார் அம்மா.

அண்ணன் வெகுளி. "யாரு யாரச் சுட்டு வுழ்த்தனாங்கன்னு கீழ வரும்மா. எம் பேரும் வரும்."

அம்மா கையை உதறிக்கொண்டு எழுந்துவிட்டார். "வயசுப் புள்ள பேரப் போட்டு, அவன் செத்தான்னு எழுதுவானா? வாராவாரம் எழுதுவானா? இந்த வெளயாட்டே வாணாம். மூடு."

அண்ணன் கெஞ்சினான். பட்டப்பேர் வைக்கலாம் என்றான். எந்தப் பேர் வைத்தாலும் அது நீதானே என்றார் அம்மா. நான் மணியைக் கையில் வைத்துக்கொண்டு யார் பக்கம் என்று தெரியாமல் நின்றேன். அப்போது, இந்தப் பக்கமே திரும்ப மாட்டேன் என்று வலையோடு உட்கார்ந்திருந்த அப்பா வாயைத் திறந்தார்.

"எவனாவது படகுக்குத் தன் பேர வைப்பானாடா? ஆபத்தான எடத்துக்குப் போவறது எதுவா இருந்தாலும் சாமி பேரு வை. அது பாத்துக்கும்."

எங்கள் படகின் பேர் ஸ்ரீ அங்காளம்மன் துணை. அதையே இங்கிலீஷ் எழுத்தில் அடித்தான் அண்ணன். அத்தனை எழுத்துக்கு இடமில்லை என்றது. ஸ்ரீயை எடுத்தான். அப்பவும் இடம் போதவில்லை.

"துணைய எடுத்துட்டா சரியா வரும்பா."

"துணை இல்லாமலா அனுப்பறது?" என்றார் அம்மா.

"அம்மனே போவுது. அதுக்கு எதுக்குடி இன்னொரு துணை?" என்றார் அப்பா.

அப்படியாக அங்காளம்மன் என்ற பேரில் அக்கவுண்ட் உண்டாயிற்று. இமெயிலில் ஒரு கடிதம் வந்தது. அதை அமுக்கினதும் வரவேற்பு வந்தது. எலுமிச்சம்பழத்தை எதன் அடியில் வைத்து நசுக்குவது என்று அம்மா கேட்டார். விமானத்துக்குச் சக்கரம் திரைக்குள்ளே இருந்தது. கடைசியில் அண்ணன் காலால் மிதித்தான்.

முதல் தடவை பறக்கிறபோது குடும்பமே கூடி நின்றது. பச்சை வயல், வெள்ளை மேகம், அப்புறம் கடல். அழகாகத்தான் இருந்தது. அண்ணன் இரண்டு வட்டம்கூடச் சரியாகப் போடவில்லை, முதுகுப் பக்கமிருந்து எவனோ வந்து சுட்டான். புகை கிளம்பிக் குப்புற விழுந்தது. கீழே ஒரு வரி வந்தது. அண்ணன் வாய் தவறிப் படித்துவிட்டான். எந்த நாட்டுக்காரனோ ஒருத்தன் அங்காளம்மனைச் சுட்டு வீழ்த்தினான் என்று.

அம்மா கன்னத்தில் போட்டுக்கொண்டே சாமி ரூமுக்கு ஓடினார். நானும் பின்னாலேயே ஓடிப் போட்டுக்கொண்டேன். பேரை மாற்று என்றார் அம்மா. ஒரு தடவை வைத்த பேரை மாற்ற முடியாது என்று எழுதியிருந்தது. அக்கவுண்ட்டையே அழி என்றார். சாமி பேரை அழிக்கலாமா என்று அவரே பயந்து, வேண்டாம் என்றார். அடுத்த வெள்ளிக்கிழமை கோயிலில் மாவிளக்கு போட்டார். அதுக்கப்புறம் வீட்டில் சட்டம் வந்தது. குளித்துவிட்டுத்தான் விமானத்தைத் தொட வேண்டும். மீன் சாப்பிட்ட கையோடு தொடக்கூடாது. ("படகுல மீனத்தானடி ஏத்தறோம்" என்று அப்பா சொல்லிப் பார்த்தார். எடுபடவில்லை.) எல்லாவற்றுக்கும் மேலே, அம்மன் யாரையும் சுடக்கூடாது, இனி ஒருக்காலும் விழவும் கூடாது.

சுடவும் கூடாது, சுடப்படவும் கூடாது என்றால் சண்டை விமானத்தில் வேறு என்னதான் செய்வது? அண்ணன் எழுதிக் கேட்டதற்கு அத்தை மகன் விழுந்து விழுந்து சிரித்ததாகப் பதில் அனுப்பினான். ஆனால் நல்ல பிள்ளை. வெளியாள் யாரும் வரமுடியாதபடி தனியாக ஓர் ஆகாயத்தைப் பூட்டித் திறந்தான். அதில் இரண்டே விமானம். ஒன்று அவனுடையது, ஒன்று அம்மனுடையது. ஞாயிற்றுக்கிழமை நம்ம ஊர் நேரம் அஞ்சு மணி என்றான். அது ராகுகாலம் என்றார் அம்மா. ஆறு மணிக்கு மேல் என்று முடிவாயிற்று. அங்கே அவர்களுக்கு மதியச் சாப்பாடு முடிந்த நேரம்.

அதுக்கப்புறம் ஞாயிற்றுக்கிழமைதோறும் இரண்டு சண்டை விமானங்கள் சண்டையே போடாமல் பக்கத்தில் பக்கத்தில் பறந்தன. மேலே போவதும் கீழே வருவதும் குட்டிக்கரணம் போடுவதும்தான். கீழே எழுத்தில் பேசிக்கொள்வார்கள். "வாடா மச்சான்" என்று ஆரம்பிப்பான் அத்தை மகன். அதை நான் எழுத்துக் கூட்டிப் படிப்பேன். எனக்கு அதுவே பெருமை.

அப்பா முதலில் வலையைத் தூக்கிக்கொண்டு பின்கட்டுக்குப் போய்விடுவார். அடுத்த வாரம் கதவோரம் வந்து உட்கார்ந்தார். அதுக்கடுத்த வாரம் நாற்காலி அண்ணனுக்குப் பின்னாலேயே வந்துவிட்டது. அவருக்கு விமானம் முக்கியமில்லை. கீழே தெரிகிற தண்ணீரைத்தான் பார்ப்பார்.

"இது எந்தக் கடல்?"

"இந்தக் கரை பிரான்சுப்பா. அந்தக் கரை இங்கிலாந்து."

அப்பா திரைக்குக் கிட்டத்தில் முகத்தை நீட்டினார். "அவங்க இருக்கற ஊடு இங்கேந்து தெரியுமா?"

"படந்தானேப்பா இது. ஊடெல்லாம் இருக்காது."

"தெரியும். சும்மா கேட்டேன்" என்று சொல்லிவிட்டு எழுந்து வெளியே போனார். வாசலில் ஸ்கூட்டரை உதைக்கிற சத்தம் கேட்டது.

ஒரு ஞாயிற்றுக்கிழமை அத்தை மகனின் விமானம் சரியில்லை. எங்கள் அம்மன் மேலே போய் ஒரு வட்டம் அடித்துவிட்டுக் காத்திருக்கிறது. கீழே அது ஓடுகிறது, கிளம்பவில்லை. ஓடிப்போய் புல்தரையில் மூக்கைக் குத்துகிறது. மறுபடி வருகிறது, மறுபடி குத்துகிறது. நான் கைகொட்டிச் சிரித்தேன். "இன்னாடா ஆச்சு இவனுக்கு?" என்றான் அண்ணன். கடைசியில் ஒருவழியாகக் கிளம்பி, குடித்தவன் நடக்கிற மாதிரி ஆடி ஆடி மேலே வந்தது. கீழே எழுத்து வந்தது. ஒவ்வொரு எழுத்தாக யோசித்து அடிப்பதுபோல வெகுநேரம் கழித்து வந்தது. வாடா மச்சான் இல்லை.

அண்ணன் அதைப் பார்த்தான். திரும்பி அப்பாவைப் பார்த்தான். அப்புறம் மெதுவாகப் படித்தான். "சாப்டீங்களான்னு கேக்குதுப்பா."

அப்பா நாற்காலியைக் கொஞ்சம் முன்னால் இழுத்தார்.

இன்னொரு வரி வந்தது. "இன்னிக்கு என்ன கொழம்புன்னு கேக்குது."

அடுப்படியிலிருந்து அம்மா கரண்டியோடு வந்து நிலைப்படியில் நின்றார். அப்பா தொண்டையைச் செருமினார். "வஞ்சிரம்னு போடு."

அண்ணன் அடித்தான். பதில் வந்தது. "மாங்கா போட்டதான்னு கேக்குது."

"போட்டதுதான். போடாமயா வைப்பாங்க. சொல்லு."

எனக்கு எரிச்சலாக வந்தது. மீன் என்றாலே மூக்கைப் பிடிக்கிறவன், மாங்காய் போட்டதா என்று எதற்குக் கேட்கிறான்? விளையாட வந்தோமா, சமையல் பேச வந்தோமா? அதற்குள் அண்ணன் எழுந்துவிட்டான். "கொஞ்சம் புடிச்சிக்கோப்பா. தண்ணி குடிச்சிட்டு வரேன்."

"எனக்கு இன்னாடா தெரியும்?"

"சுக்கான் மாதிரிதான்பா. புடி."

அப்பா நாற்காலியில் உட்கார்ந்து, அந்தக் கைப்பிடியைப் படகு மோட்டாரின் பிடியைப் பிடிப்பதுபோல ஒரு பக்கமாகச் சாய்ந்து பிடித்தார். குளிக்கவில்லை. மத்தியானம் வஞ்சிரம் சாப்பிட்ட கை. நான் அம்மாவைப் பார்த்தேன், இப்போது திட்டு விழும் என்று. அம்மா திட்டவில்லை. அண்ணனும் தண்ணீர் குடிக்கவில்லை. அடுப்படியில் அம்மாவுக்குப் பின்னால் நின்றுகொண்டிருந்தான்.

அம்மன் கடலுக்கு மேலே போயிற்று. பின்னால் அந்த இன்னொரு விமானம் ஆடி ஆடி வந்தது. எட்டிப் பிடிக்க முடியவில்லை, தூரம் கூடிக்கொண்டே போனது. அப்பா ஒரு முறை திரும்பி, "வேகத்த எதுல கொறைக்கறது?" என்று கேட்டார். அண்ணன் வந்து காட்டிவிட்டுப் போனான். எங்கள் பக்கத்தில் கூட வருகிற படகு பின்தங்கினால் எஞ்சினைக் குறைத்துக்கொண்டு நிற்போம். அப்பாவுக்கு அதுதான் தெரியும். விமானம் நிற்காது என்பது தெரியாது. குறைத்தார். அம்மன் ஆட ஆரம்பித்தது. மூக்கு கீழே இறங்கியது. ஏதோ ஒரு மணி விடாமல் அடித்தது.

"யப்பா, வுழப்போவுது! வேகம் வை!" என்று நான் கத்தினேன்.

"வரட்டும் இரு."

"அம்மன் வுழப்போவுதுப்பா!"

"வரட்டும்ன்றேன்."

கடல் கிட்டத்தில் வந்துவிட்டது. அலையில் நுரை தெரிந்தது. அப்பா நெற்றியில் வியர்வை. பின்னால் அந்தக் கோணல் விமானம் அடித்துப் புடைத்துக்கொண்டு வந்து, எங்கள் இறக்கைக்குப் பக்கத்தில் சேர்ந்தது. அப்புறம்தான் அப்பா வேகத்தைக் கூட்டினார். இரண்டும் தண்ணீரை ஒட்டி ஒட்டி, ஒன்று மேலும் ஒன்று கீழுமாக, யாரும் சுடாமல், யாரும் ஒன்றும் எழுதாமல் வெகுநேரம் போய்க்கொண்டிருந்தன. அண்ணன் திரும்பி வரவே இல்லை. அவனுடைய ஆட்டம் முழுவதும் வீணாகப் போகிறதே என்று எனக்குத்தான் பொறுக்கவில்லை.

"யப்பா, அவன் ஓட்றதே சரியில்ல. பாரு, ஒரு பக்கமாவே போறான்."

அப்பா திரையிலிருந்து கண்ணை எடுக்கவில்லை. ஆனால் சிரித்தார். நான் அவரை அப்படிச் சிரித்துப் பார்த்ததில்லை.

"சின்னதுலயும் இப்படித்தான். ஆத்துல கட்டுமரத்துல ஏத்தி துடுப்பக் குடுத்தா, ஒரு பக்கமாவே வலிக்கும். நான்தான் மறுபக்கம் ஒக்காந்து நேராக்குவேன்."

எனக்கு ஒன்றும் புரியவில்லை. அத்தை மகன் எந்தக் காலத்தில் கட்டுமரம் ஏறினான்? கரையில் நிற்கவே பயப்படுகிறவன் ஆயிற்றே. அப்பா வேறு யாரையோ நினைத்துக்கொண்டு ஆள் மாற்றிச் சொல்கிறார் என்று நினைத்தேன். சொல்லித் திருத்தலாம் என்றும் பார்த்தேன். ஆனால் அவர் அத்தனை சந்தோஷமாக இருந்தார், போகட்டும் என்று விட்டுவிட்டேன்.